பெயர் அச்சேறாத குழலிசைஞர்: பட்டி கலெட்டும் இரண்டு சங்கங்களும்

‘பிங்க் பாந்தர்’ என்ற ஆங்கிலத் திரைப்படம் 1963-ஆம் ஆண்டில் வெளிவந்தது. படத்தைப் பார்த்திராதவரும் அதன் தொடக்க இசையை அறிவர். பூனை பதுங்கி நடந்து வருவதுபோல் மெல்ல அடியெடுத்து வரும் அந்த மெட்டு, பின்னர்க் கேலிச் சித்திரங்கள் வாயிலாக உலகத்தின் மூலைமுடுக்கெல்லாம் சென்று சேர்ந்துவிட்டது. அதனை அமைத்தவர் ஹென்றி மான்சினி என்பதையும் பலர் அறிவர். ஆனால், அம்மெட்டைச் சாக்ஸபோனில் ஊதி அதற்கு உயிர் கொடுத்தவர் யார்? பிளாஸ் ஜான்சன் என்பவர். இப்பெயரை நம்முள் எத்துணைப் பேர் கேட்டிருக்கிறோம்?

இத்தகையோரை மேனாட்டார் ‘செஷன்’ கலைஞர் என்பர். ஒலிப்பதிவுக்கூடத்தில் மூன்று மணி நேரம் ஒரு தவணை. அத்தவணைக்கு இவ்வளவு என்று தொழிற்சங்கம் வரையறுத்த ஊதியத்திற்கு வந்து, முன்னே வைக்கப்படும் தாளைப் பார்த்து வாசித்துவிட்டு, கருவியைப் பெட்டியில் வைத்துக்கொண்டு அடுத்த கூடத்துக்குப் புறப்படுபவர்கள் அவர்கள். நீண்ட ஒத்திகை இராது. அன்றுதான் முதன்முதலாகக் கண்ட குறிப்பைப் பிழையின்றி ஊதியாக வேண்டும். ஒருவர் தவறினால் உடன் அமர்ந்திருக்கும் அத்தனை பேரும் மீண்டும் தொடங்க வேண்டும். கூடத்தின் வாடகையோ ஏறிக்கொண்டே இருக்கும். இரண்டு முறை தவறியவரை மூன்றாம் முறை அழைப்பது அரிது.

அவ்வகைக் கலைஞர்களுள் ஒருவரான பட்டி கலெட் என்பாரின் வரலாற்றையே ஈண்டு ஆராயப் புகுகின்றோம். அவர் பெரும் புகழ் பெற்றவர் அல்லர். அவரோடு இளமையில் ஒன்றாய் வாசித்தோரும் அவரிடம் பாடம் கேட்டோரும் அவரினும் புகழ் பெற்றார்கள். ஆயினும் லாஸ் ஏஞ்சலிஸ் நகரத்தில் தோலின் நிறத்தைக் கொண்டு இரண்டாகப் பிளந்து கிடந்த வாத்தியக்காரர் சங்கம் ஒன்றானதற்கு உழைத்த சிலருள் அவர் முன்னிற்பவர். அவ்வுழைப்பில் மேடைப் பேச்சின் பங்கைவிடப் பயிற்சியின் பங்கு பெரிது. ஆதலின் ஆசிரியராயிருப்போர் அறிந்திருக்க வேண்டிய வரலாறு இது என்பது என் கருத்து.

ஒருவர் ஊதும் பல குழல்கள்

முதலில் அவருடைய தொழிலின் அருமையை உணர்தல் வேண்டும். சாக்ஸபோன் பித்தளையால் ஆனது. ஆயினும் மேனாட்டார் அதனை எக்காளத்தின் இனத்தில் சேர்ப்பதில்லை. மரக்குழல்களின் இனத்திலேயே சேர்ப்பர். அதன் வாயில் பொருத்தப்படும் நாணல் நாக்கு அதிர்வதால் ஒலி பிறக்கின்றது என்பதே காரணம். நம் நாகசுரத்தின் சீவாளி இரட்டை இதழ் உடையது. சாக்ஸபோனுக்கும் கிளாரினெட்டுக்கும் ஒற்றை நாக்கு. பெல்ஜிய நாட்டில் பிறந்த அடால்ப் சாக்ஸ் என்பவர் 1846-இல் பிரான்சு நாட்டில் இக்கருவிக்கு உரிமம் பெற்றார். 2019-இல் மறைந்த கத்ரி கோபால்நாத் கர்நாடக இசையை இதில் வாசித்துக் காட்டிய பிறகு நம்மவர்க்கும் இஃது அயற்கருவி அன்று.

ஒலிப்பதிவுக்கூடத்தில் சாக்ஸபோன் மட்டும் ஊதத் தெரிந்தவருக்கு வேலை குறைவு. இசையமைப்பாளர் ஒரு பகுதிக்குப் புல்லாங்குழல் கேட்பார். அடுத்த பகுதிக்குக் கிளாரினெட் கேட்பார். இறுதியில் சாக்ஸபோன் கேட்பார். மூவரை அமர்த்துவதினும் மூன்றும் ஊதும் ஒருவரை அமர்த்துவது சிக்கனம். இரண்டாம் கருவிக்கும் மூன்றாம் கருவிக்கும் சங்க விதிப்படி கூடுதல் ஊதியம் கொடுத்த பின்னும் சிக்கனமே. அதனால் ஒருவர் நாற்காலியைச் சுற்றி நான்கு கருவிகள் தாங்கிகளில் நிற்கும். சில தாள அளவு ஓய்வுக்குள் ஒன்றை வைத்துவிட்டு மற்றொன்றை எடுத்தாக வேண்டும்.

கருவிகள் தாம் ஒரே தன்மையனவா? இல்லை. புல்லாங்குழலுக்கு நாணல் கிடையாது. துளையின் விளிம்பில் மூச்சை மோதச் செய்ய வேண்டும். கிளாரினெட்டுக்கு உதடு இறுக வேண்டும். சாக்ஸபோனுக்கு அதைச் சற்றே தளர்த்த வேண்டும். சாக்ஸபோனில் மேல்நிலைச் சாவியை அழுத்தினால் அதே விரலமைப்பில் எட்டாம் சுரம் ஒலிக்கும். கிளாரினெட்டிலோ பன்னிரண்டாம் சுரத்துக்குத் தாவிவிடும். ஆகவே விரலின் பழக்கமும் வேறாகின்றது. இன்னுமோர் இடர் உண்டு. தாளில் ‘ஸி’ என்று எழுதியதைப் புல்லாங்குழலில் ஊதினால் பியானோவின் ‘ஸி’யே கேட்கும். அதையே கிளாரினெட்டில் ஊதினால் ‘பி பிளாட்’ கேட்கும். ஆல்ட்டோ சாக்ஸபோனில் ஊதினால் ‘ஈ பிளாட்’ கேட்கும். இவ்வளவையும் கண்ணும் உதடும் விரலும் ஒரு நொடியில் கணக்கிட வேண்டும். மூன்று மொழிகளை ஒரே வாக்கியத்துக்குள் மாற்றி மாற்றிப் பேசி, எதிலும் இலக்கணம் வழுவாதிருப்பதற்கு இதனை ஒப்பிடலாம்.

வாட்ஸ் தந்த பிள்ளைகள்

வில்லியம் மார்செல் கலெட் 1921-ஆம் ஆண்டு ஆகஸ்டு 6-ஆம் நாள் லாஸ் ஏஞ்சலிஸில் பிறந்தார். பட்டி என்பது அழைப்புப் பெயர். வளர்ந்தது வாட்ஸ் என்னும் பகுதியில். அஃது 1926-இல்தான் மாநகரத்தோடு இணைக்கப்பட்டது. கறுப்பினத்தார், மெக்சிகர், ஜப்பானியர், இத்தாலியர் எனப் பலரும் அடுத்தடுத்து வாழ்ந்த எளிய குடியிருப்பு. சைமன் ரோடியா என்ற இத்தாலியத் தொழிலாளி உடைந்த பீங்கானும் புட்டிச் சில்லும் கம்பியும் சிமெந்தும் கொண்டு தனியொருவராக எழுப்பிய வாட்ஸ் கோபுரங்கள் அங்கேதான் நிற்கின்றன. கலெட் பிறந்த அதே 1921-இல் தொடங்கிய அவ்வேலை 1954-இல் முடிந்தது. அக்கோபுரங்கள் சிறுகச் சிறுக உயர்வதைப் பார்த்துக்கொண்டே வளர்ந்த பிள்ளைகள் கலெட்டும் அவருடைய தோழர்களும்.

தந்தை பியானோ வாசிப்பவர், தாய் பாடுபவர். கலெட்டும் முதலில் பியானோ பயின்று, பின்னர்ச் சாக்ஸபோனைக் கைக்கொண்டார். பன்னிரண்டாம் வயதளவிலேயே சிறுவர் குழு ஒன்றை அமைத்துவிட்டார். அக்குழுவுக்கு அடிநாதம் தரும் பெருவயலின்காரர் தேவைப்பட்டார். அண்டையில் செல்லோ பயின்றுகொண்டிருந்த ஒரு பையனிடம், “செல்லோவை விட்டுவிட்டுப் பெருவயலினை எடு; எங்கள் குழுவில் உனக்கு இடம் உண்டு” என்ற கருத்துப்படச் சொல்லி அவனை மாற்றினார். அப்பையன் சார்லஸ் மிங்கஸ். பின்னாளில் ஜாஸ் இசையின் தலைசிறந்த பெருவயலின்காரராகவும் இசையமைப்பாளராகவும் உலகம் கொண்டாடியவர். கறுப்பினப் பையன் ஒருவன் செல்லோவை எவ்வளவு பயின்றாலும் அந்நாளில் அவனை அமர்த்த எந்தச் சிம்பொனி இசைக்குழுவும் முன்வராது என்ற உண்மை அவ்வறிவுரைக்குள் அடங்கியிருந்தது. பதின்மூன்று வயதுப் பிள்ளைகளுக்கே அது தெரிந்திருந்தது என்பதை எண்ணும்போது நெஞ்சு கனக்கின்றது.

அவர்களுக்கு வாய்த்த ஆசிரியர்களைப் பற்றி இரண்டு வார்த்தை கூற வேண்டும். ஜெபர்சன் உயர்நிலைப்பள்ளியில் 1936 முதல் இசை கற்பித்த சாமுவேல் பிரவுன் என்பவரிடம் ஒரு தலைமுறையே கற்றது. கலெட் நாடிச் சென்றது லாயிட் ரீஸ் என்ற தனி ஆசிரியரை. எக்கருவி பயில வந்தாலும் மாணவன் பியானோவும் கற்றாக வேண்டும் என்பது ரீஸின் விதி. சுரக்கூட்டுகளை அவர் ‘ஸி’, ‘எப்’ என்று பெயரிட்டுக் கற்பிக்கவில்லை. ஒன்று, நான்கு, ஐந்து என்று ரோமன் எண்ணால் குறித்தார். அடிப்படைச் சுரம் எதுவாயினும் எண் மாறாது. ஆகவே ஒரு பாட்டை ஒரு சுருதியில் கற்றவன் பன்னிரண்டு சுருதியிலும் வாசிப்பான். நம் ஸரிகமபதநி முறையை அறிந்தவர்க்கு இதன் பயன் எளிதில் விளங்கும். ஞாயிறு காலைகளில் தம் மாணவரையும் பிறரையும் கூட்டி வைத்து இசைக்குழுப் பயிற்சியும் அளித்தார். கலெட், மிங்கஸ், டெக்ஸ்டர் கோர்டன், எரிக் டால்பி ஆகிய நால்வரும் ரீஸிடம் பயின்றவர்கள் என்றால் அவ்வாசிரியரின் பெருமைக்கு வேறு சான்று வேண்டுமோ?

அந்நாளில் கறுப்பினத்தாரின் இசை வாழ்வுக்கு நடுவிடம் சென்ட்ரல் அவென்யூ என்னும் நெடுஞ்சாலை. 1928-இல் கட்டப்பட்ட டன்பார் ஓட்டலும் கிளப் அலபாம் என்ற களியாட்ட மன்றமும் அங்கே இருந்தன. இளைஞர் கலெட் அங்கே வாசித்துப் பழகினார். இரண்டாம் உலகப்போர்க் காலத்தில் கடற்படையின் வான்பயிற்சிப் பள்ளி ஒன்றில் இசைக்குழுவில் பணிபுரிந்தார். போர் முடிந்து 1946-இல் மிங்கஸ், டிரம்போன் வாசிக்கும் பிரிட் வுட்மன் முதலிய நண்பர்களோடு ‘ஸ்டார்ஸ் ஆப் ஸ்விங்’ என்றொரு குழு அமைத்தார். அக்குழுவைக் கேட்டவர்கள் அதனை வியந்து பேசினர். ஆனால் அதன் இசை ஒன்றேனும் இசைத்தட்டில் பதிவாகவில்லை. காற்றில் பிறந்தது காற்றிலேயே போயிற்று.

அதன்பின் கலெட் செய்தது ஊன்றி நோக்கத்தக்கது. போர்வீரர்க்கு அரசாங்கச் செலவில் கல்வி தரும் சட்டம் 1944-இல் இயற்றப்பட்டிருந்தது. ஏற்கெனவே தொழில் செய்து பிழைக்கத் தெரிந்த அவர், அச்சட்டத்தைப் பற்றிக்கொண்டு மீண்டும் மாணவராகிப் புல்லாங்குழலையும் கிளாரினெட்டையும் இசையமைப்பு இலக்கணத்தையும் முறையாகக் கற்றார். சென்ட்ரல் அவென்யூவில் சாக்ஸபோன் ஒன்றே சோறு போடும். ஒலிப்பதிவுக்கூடத்தின் கதவு வேறு. அதற்குப் பல திறவுகோல்கள் தேவை என்பதை அவர் கண்டிருந்தார்.

எண் 47, எண் 767

அக்கதவு பூட்டப்பட்டிருந்த முறையை இனிக் காண்போம். அமெரிக்க இசைவாணர் சம்மேளனம் என்பது வாத்தியக்காரரின் பெருஞ்சங்கம். நகரந்தோறும் அதற்கு எண்ணிட்ட கிளைகள் உண்டு. லாஸ் ஏஞ்சலிஸிலோ இரண்டு கிளைகள். எண் 47 வெள்ளையருக்கு. எண் 767 கறுப்பினத்தாருக்கு. முன்னதற்கு ஹாலிவுட்டில் வைன் தெருவில் பெரிய கட்டடம். பின்னதற்கு சென்ட்ரல் அவென்யூ 1710-ஆம் எண் வீடு. அவ்வீட்டின் அறைகளில்தான் இளைஞர் ஒத்திகை பார்த்தனர். மூத்தோர் கூடிப் பேசினர். வெளியூர்க் குழுக்கள் வந்து கலந்தன.

திரைப்பட நிறுவனங்களும் வானொலி நிலையங்களும் ஆள் வேண்டுமானால் 47-ஐ அழைக்கும். ஒரே நகரம், ஒரே தொழில், ஒரே சம்மேளனம். ஆனால் நிலையான ஊதியம் உள்ள வேலைகள் ஒரு சங்கத்துக்கும், இரவு மன்றங்களின் சில்லறை வேலைகள் மற்றொரு சங்கத்துக்குமாகப் பங்கு பிரிந்திருந்தன. வாத்தியக்காரரைத் திரட்டித் தரும் பொறுப்பு ஒருவரிடம் இருக்கும். நம் தோட்டத்து மொழியில் சொன்னால் கங்காணி. அவருக்குத் தெரிந்த ஆட்களுக்கே வேலை. கறுப்பினத்தாரை ஏன் அழைப்பதில்லை என்று கேட்டால், “அவர்கள் நன்றாகத்தான் ஊதுவார்கள், ஆனால் தாளைப் பார்த்து வாசிக்கத் தெரியாதே” என்பது ஆயத்தமான விடை. ஒருவருக்குப் படிக்கும் வாய்ப்பை மறுத்துவிட்டு, பிறகு படிப்பில்லை என்று காரணங்காட்டி வேலையை மறுப்பது உலகெங்கும் உள்ள பழைய தந்திரம்.

கலெட்டும் மிங்கஸும் மற்றோரும் இதற்கு இரண்டு வழிகளைக் கையாண்டனர். 1950-ஐ ஒட்டி வெள்ளையரும் கறுப்பினத்தாரும் கலந்தமர்ந்து சிம்பொனி இசையை வாசிக்கும் சமுதாய இசைக்குழு ஒன்று அமைந்தது. ஹியூமனிஸ்ட் மண்டபம் என்ற இடத்தில் வாரந்தோறும் கூடிப் பயின்றனர். ஊதியம் இல்லை. வாசிக்கத் தெரியாது என்ற சொல்லுக்கு வாசித்துக் காட்டுவதே மறுமொழி என்பது அவர்தம் கொள்கை. அதனினும் மேலான பயன் ஒன்றும் விளைந்தது. ஒரே தாங்கியில் தாள் வைத்து வாசித்த இருவர் பிறகு ஒருவரையொருவர் பெயர் சொல்லி அழைத்தனர். வேலைக்கு ஆள் சொல்லும்போது அப்பெயர் நினைவுக்கு வந்தது.

அவ்வாறு நினைவுக்கு வந்த பெயர்களுள் கலெட்டின் பெயரும் ஒன்று. குரௌச்சோ மார்க்ஸ் என்னும் நகைச்சுவையாளர் நடத்திய வினா விடை நிகழ்ச்சி 1947-இல் வானொலியில் தொடங்கி 1950-இல் தொலைக்காட்சிக்கும் வந்தது. அதன் இசை இயக்குநர் ஜெர்ரி பீல்டிங் என்ற வெள்ளை இளைஞர். அவர் கலந்த இசைக்குழுவின் பயிற்சியில் கலெட்டின் குழலைக் கேட்டார். தம் குழுவில் அமர்த்திக்கொண்டார். தொலைக்காட்சி நிலையத்தின் இசைக்குழுவில் நிலையாக இடம்பெற்ற முதல் கறுப்பினக் கலைஞர் என்று கலெட்டைக் குறிப்பிடுவது வழக்கம். ஏறத்தாழப் பத்தாண்டுகள் அந்த நாற்காலியில் அமர்ந்திருந்தார்.

அவரை அமர்த்திய பீல்டிங் பட்ட பாடு தனிக்கதை. அமெரிக்காவில் பொதுவுடைமையாளரைத் தேடி வேட்டையாடிய காலம் அது. 1953-இல் பிரதிநிதிகள் சபையின் விசாரணைக்குழு அவரை அழைத்தது. அவர் அரசியற் சட்டத்தின் ஐந்தாம் திருத்தத்தைச் சுட்டி விடையளிக்க மறுத்தார். நிகழ்ச்சிக்குப் பணம் கொடுத்துவந்த விளம்பரதாரரின் நெருக்கடியால் வேலை பறிபோயிற்று. 1962-ஆம் ஆண்டுத் திரைப்படம் ஒன்றுக்கு அழைப்பு வரும்வரை ஹாலிவுட் அவரை ஒதுக்கி வைத்திருந்தது. விளம்பரதாரருக்கு வளைந்து கொடுத்தது தம் வாழ்நாளின் பெரும் வருத்தங்களுள் ஒன்று என்று குரௌச்சோ 1976-இல் வெளியிட்ட நூலில் எழுதினார். இருபத்து மூன்று ஆண்டு கழித்து வந்த வருத்தம்! ஆயினும் அதையும் எழுதாமல் விட்டவர்கள் மிகப் பலர்.

ஒன்றானதும் இழந்ததும்

இரண்டாம் வழி சங்கத்துக்குள்ளேயே போராடுவது. இங்கே கலெட்டுக்குத் துணையாய் நின்றவர்களுள் மூவரைக் குறிப்பிடலாம். ஒருவர் பென்னி கார்ட்டர். புகழ்பெற்ற சாக்ஸபோன் கலைஞர், மூத்தவர், இருசாராரும் மதித்தவர். மற்றொருவர் பில் டக்ளஸ், முரசுக்காரர். மூன்றாமவர் மார்ல் யங். சிகாகோவிலிருந்து 1947-இல் வந்த பியானோக்காரர், சட்டம் படித்தவர். உணர்ச்சியால் தொடங்கிய இயக்கத்துக்கு விதி எண்களையும் தீர்மான வாசகங்களையும் கொடுத்தவர் யங். மிங்கஸ் 1951-இல் நியூயார்க் சென்றுவிட்டார். எஞ்சியோர் வேலையைத் தொடர்ந்தனர்.

எதிர்ப்பு இரு பக்கமும் இருந்தது. 47-இல் சிலருக்குத் தங்கள் வேலை பங்குபோய்விடும் என்ற அச்சம். 767-இல் மூத்தோர் சிலருக்கு வேறோர் அச்சம். “நமக்கென்று ஒரு வீடு இருக்கிறது, நம் தலைவர், நம் செயலாளர் இருக்கின்றனர். பெருங்கடலில் கலந்த ஓடையாகிவிட்டால் நம் குரலை யார் கேட்பார்?” என்பது அவர்தம் வாதம். இவ்வாதத்தைக் குறுகிய மனம் என்று தள்ளிவிட என் மனம் ஒப்பவில்லை. சிறியதாயினும் தன்னாட்சியுடைய நிலையத்தை விட்டுக் கொடுப்பது எளிதன்று. சிறு பள்ளிகளை இணைக்கும் பேச்சு எழுந்தபோதெல்லாம் நம்மிடையேயும் இதே வாதம் எழுந்ததை ஆசிரியர்கள் அறிவர். ஆனால் இளைஞர் கேட்ட கேள்விக்கு மூத்தோரிடம் விடையில்லை. வேலை அழைப்பு வைன் தெருவுக்கே வரும் என்றால், சென்ட்ரல் அவென்யூ வீட்டைக் காத்து என்ன பயன்?

இணைப்பை நாடியோர் 767-இன் தேர்தலில் அணியாக நின்று ஆட்சிக்குழுவில் இடம் பெற்றனர். கையொப்பங்கள் திரட்டினர். சம்மேளனத் தலைவர் ஜேம்ஸ் பெட்ரில்லோவின் தயக்கங்களை யங்கின் சட்ட அறிவு ஒவ்வொன்றாக எதிர்கொண்டது. ஈரிடத்தும் வாக்கெடுப்பு நடந்தது. 1953-ஆம் ஆண்டு ஏப்ரல் முதல் நாள் எண் 767 மறைந்து அதன் உறுப்பினர் 47-இல் சேர்ந்தனர். மறு ஆண்டில், 1954-இல், நம் நாட்டில் தோட்டத் தொழிலாளர் சங்கங்கள் பல ஒன்றாகித் தேசிய சங்கமாக உருவெடுத்தன என்பதை இங்கே நினைத்துக்கொள்ளலாம்; அங்கே பிரித்தது நிறம், இங்கே பிரித்தது ஊரும் தலைமையும். அமெரிக்காவின் ஏனைய நகரங்கள் மெல்லவே நகர்ந்தன. சிகாகோவின் இரு கிளைகள் ஒன்றாக 1966 வரை சென்றது.

கட்டுரையின் தொடக்கத்தில் குறித்த பிளாஸ் ஜான்சன் லூசியானாவிலிருந்து லாஸ் ஏஞ்சலிஸுக்குக் குடியேறியது 1954-இல். அவர் வந்து சேர்ந்தபோது அந்நகரில் வாத்தியக்காரருக்கு ஒரே சங்கம். எந்த வாசலில் நுழைவது என்ற வினா அவருக்கு எழவில்லை.

ஆயினும் இணைப்பு நடந்த மறுநாளே எல்லாக் கதவும் திறந்துவிட்டதாக எண்ணிவிடலாகாது. பெரிய படநிறுவனங்கள் நிலையான ஊதியத்தில் சொந்த இசைக்குழுக்களை வைத்திருந்தன. அந்நாற்காலிகளில் இருந்தோர் எழவில்லை. 1958-இல் நிகழ்ந்த வேலைநிறுத்தத்தின் முடிவில் அம்முறையே ஒழிந்தது. அன்று முதல் எல்லோரும் தவணைக் கூலிக்காரர்கள். பலருக்கு அது பெருநட்டம். வெளியே நின்றவர்க்கோ வாசல் சற்று அகன்றது. அப்பொழுதும் அழைக்கப்பட்ட கறுப்பினத்தாரைக் கைவிரல்விட்டு எண்ணிவிடலாம். அவர்களுள் பெரும்பாலோர் கலெட்டைப் போலப் பல கருவி வல்லோர். நிறம் மாறாத நிலையில் திறத்தை மூன்று மடங்காக்கித்தான் ஒரு மடங்கு வேலையைப் பெற முடிந்தது. இழப்பும் மெய்யே. ஞாயிறு காலை ஒத்திகைகள் நடந்த அந்தப் பழைய வீட்டுக்கு ஈடான கூடுமிடம் இளைஞர்க்குப் பிறகு கிட்டவில்லை. சென்ட்ரல் அவென்யூவின் இரவு வாழ்வும் ஐம்பதுகளில் மங்கிவிட்டது. அதற்கு வேறு காரணங்களும் உண்டு. சங்க இணைப்பின்மேல் முழுப் பழியையும் சுமத்துவது முறையாகாது.

ஊரை விட்டுப் போகாதவர்

கலெட்டின் பெயர் ஒரே ஒரு முறை நாடறியப் பரவியது. 1955-இல் சீக்கோ ஹாமில்ட்டன் என்ற முரசுக்காரர் ஐவர் குழு ஒன்றை அமைத்தார். பிரெட் காட்ஸ் செல்லோ, ஜிம் ஹால் கிட்டார், கார்சன் ஸ்மித் பெருவயலின். கலெட்டுக்கோ புல்லாங்குழல், கிளாரினெட், இருவகைச் சாக்ஸபோன். எக்காளம் இல்லாத, பியானோ இல்லாத, மென்மையான அந்த ஒலி புதிதாயிருந்தது. இளமையில் செல்லோவைக் கைவிடச் சொன்னவரே செல்லோவுக்கு இடங்கொடுத்த ஜாஸ் குழுவில் அமர்ந்தது ஒரு விந்தை. மறு ஆண்டு அவர் தம் பெயரில் வெளியிட்ட இசைத்தட்டின் தலைப்பு ‘பல பகுதிகளின் மனிதர்’ என்று பொருள்படுவது. இசைக்குழுவில் ஒரு கருவிக்குரிய தாளையும் ஆங்கிலத்தில் ‘பகுதி’ என்றே சொல்வராதலின் அத்தலைப்பு இரட்டுற மொழிதல்.

அந்த நேரத்தில் நியூயார்க்குக்குச் சென்றிருந்தால் பெயர் நிலைத்திருக்கும். ஜாஸ் கலைஞர்க்குப் புகழ் தரும் பத்திரிகைகளும் மன்றங்களும் அங்கேதான் இருந்தன. மிங்கஸ் போனார், டால்பி போனார். கலெட் ஹாமில்ட்டன் குழுவையும் 1956-இல் விட்டு ஊரோடு தங்கினார். ஒலிப்பதிவுக்கூடங்களின் நாற்காலி அவருக்குப் போதுமானதாயிருந்தது. பிராங்க் சினாட்ரா, எல்லா பிட்ஸ்ஜெரால்டு, நாட் கிங் கோல் முதலியோரின் இசைப்பதிவுகளில் அவர் குழல் உண்டு. கேட்போர் பாடகரையே கேட்பர். சிலர் இதனைத் துணிவின்மை என்பர். போராடித் திறந்த வாசலில் யாரேனும் நின்று பின்வருவோரைக் கைகொடுத்து ஏற்ற வேண்டாவா என்பது என் எதிர்வினா.

அவ்வாறு ஏற்றியதற்குச் சான்றுகள் உள. எரிக் டால்பி சிறுவனாய் அவரிடம் பயின்றவர். சார்லஸ் லாயிட், பிராங்க் மார்கன், ஜேம்ஸ் நியூட்டன் எனப் பின்னாளில் புகழ் கொண்டோர் பலர் அவரிடம் பாடம் கேட்டனர். புல்லாங்குழலைத் தனித்து ஜாஸ் கருவியாக நிறுத்தியோருள் டால்பிக்கும் நியூட்டனுக்கும் சிறப்பிடம் உண்டு; அவ்விருவருக்கும் இவரே ஆசிரியர். டால்பி 1964 ஜூன் மாதத்தில் பெர்லின் நகரில் முப்பத்தாறாம் வயதில் மாண்டார். அவ்வாண்டு செப்டம்பரில் கலிபோர்னியாவின் மாண்டரே விழாவில் மிங்கஸ் தம் குழுவோடு வாசித்தபோது, அக்குழுவில் ஆல்ட்டோ சாக்ஸபோனும் புல்லாங்குழலும் ஏந்தி அமர்ந்திருந்தவர் கலெட். மாணவர் மறைந்து மூன்று திங்களே ஆகியிருந்தன. அந்நிகழ்ச்சி இசைத்தட்டாய்க் கிடைக்கின்றது, கேட்டுப் பாருங்கள்.

துணைவர்களுள் மார்ல் யங் பிற்காலத்தில் ‘ஹியர்ஸ் லூசி’ என்ற தொலைக்காட்சித் தொடரின் இசை இயக்குநரானார். பெரிய நிலையம் ஒன்றின் தொடருக்குக் கறுப்பினத்தார் ஒருவர் இசை இயக்குநரானது அதுவே முதன்முறை எனப்படும். ஒரு நாற்காலிக்காகப் போராடியோருள் ஒருவர் கோலைப் பிடித்து முன்னே நின்றார்.

கலெட் கலிபோர்னியாவின் கல்லூரிகள் பலவற்றில் இசை கற்பித்தார். 1994-இல் ‘ஜாஸ் அமெரிக்கா’ என்ற அமைப்பைத் தோற்றுவிப்பதில் பங்குகொண்டார். இடைநிலை, உயர்நிலைப்பள்ளி மாணவர்க்கு அங்கே கட்டணமின்றிப் பயிற்சி. லாயிட் ரீஸின் ஞாயிறு காலைகளை மீண்டும் கொண்டுவந்ததுபோல. 1998-இல் லாஸ் ஏஞ்சலிஸ் மாநகரம் அவரை ‘வாழும் பண்பாட்டுச் செல்வம்’ என்று போற்றியது. அதே ஆண்டில் பக்கவாதம் தாக்கியது. குழல் ஊதுவது அத்தோடு நின்றது. 2000-இல் ஸ்டீவன் இசோயார்டி என்ற ஆய்வாளரின் துணையோடு தன்வரலாற்றை நூலாக வெளியிட்டார். சங்க இணைப்பின் செய்திகள் பல அதன்வழியே நமக்குக் கிடைக்கின்றன. ஊத இயலாத அந்தப் பன்னிரண்டு ஆண்டுகளிலும் ஜாஸ் அமெரிக்காவின் பிள்ளைகளைக் கைவிடவில்லை. 2010 செப்டம்பர் 19-ஆம் நாள், எண்பத்தொன்பதாம் வயதில், பிறந்த நகரத்திலேயே காலமானார்.